செட்டியார் தெருச் சித்தர்களால் எது முடியக்கூடாது?

நீங்கள் கேட்டதை முதலில் என் சொல்லில் சொல்லிவிடுகிறேன். கொழும்பில் நடக்கும் ஒரு மிகுபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறீர்கள். செட்டியார் தெருவில், நகைக்கடைகளுக்கு மேல்மாடியில், சித்தர் வழிவந்த ஒரு இரகசியக் கூட்டம் இருக்கிறது. காலத்தை நிறுத்தவும் நீட்டவும் பின்னால் திருப்பவும் அவர்களுக்குத் தெரியும். இதற்கு நம் நூல்களில் ஆதாரம் உண்டா, விஞ்ஞானம் இடம் கொடுக்குமா, இன்னும் என்ன சக்திகளைக் கொடுக்கலாம் என்று மூன்றாகக் கேட்டிருக்கிறீர்கள். ஆனால் உங்கள் கடைசிப் பந்தியில்தான் உண்மையான கேள்வி இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. கதாநாயகியின் தம்பி, 2001 இல் கொழும்பில் பிறந்தவன், வெள்ளவத்தையில் கடற்கரை ரயில் பாதையைக் கடக்கும்போது அடிபட்டு இறக்கிறான். கூட்டத்தின் மூத்தவர் பத்து நிமிடம் பின்னால் போனால் அவன் பிழைத்துவிடுவான். பிறகு கதை எதற்கு? இருபதாம் அத்தியாயத்தோடு நாவல் நின்றுவிட்டது என்கிறீர்கள். சக்திகள் ஏற்கெனவே கூடிப்போய்விட்டன. உங்களுக்குத் தேவை, அவர்களால் எது முடியாது என்ற ஒரு விதி.

நான் கொழும்பில் உயர்தர வகுப்புக்குப் பௌதிகவியல் படிப்பித்து ஓய்வு பெற்றவன். பஞ்சாங்கக் கணிதம் அப்பாவிடம் கற்றது. சைவ சித்தாந்தத்தை ஒரு வகுப்பில் சேர்ந்து பல வருடம் படித்தேன், இப்போதும் படிக்கிறேன். ஆனால் யோகம் செய்து பார்த்தவன் அல்ல. சித்தர் நூலில் என்ன எழுதியிருக்கிறது என்று சொல்லலாம். அது உடம்பில் நடக்குமா என்று சொல்ல எனக்குத் தகுதி கிடையாது. அதனால் கீழே எழுதுவதில் அளந்து பார்த்தது எது, நூல் சொல்வது எது, என் சொந்தக் கற்பனை எது என்று பிரித்தே எழுதுகிறேன். கதையில் நீங்கள் எப்படிக் கலந்தாலும் சரி.

நூலில் இருந்து தொடங்குவோம். பெரிய புராணத்தில் இரண்டு கதைகளை அடுத்தடுத்து வைத்துப் பாருங்கள். மயிலாப்பூரில் சிவநேசர் என்ற வணிகரின் மகள் பூம்பாவை ஏழு வயதில் பாம்பு தீண்டி இறந்துபோகிறாள். தகப்பன் எலும்பையும் சாம்பலையும் ஒரு குடத்தில் போட்டு வைத்திருக்கிறார். பிறகு சம்பந்தர் வந்து பதிகம் பாட, குடத்திலிருந்து பெண் எழுந்து வருகிறாள். எத்தனை வயதில்? பன்னிரண்டு வயதுப் பெண்ணாக. இன்னொன்று அவிநாசியில். ஒத்த வயதுப் பையன்கள் இருவர் குளத்துக்குப் போக, ஒருவனை முதலை விழுங்கிவிடுகிறது. சில வருடம் கழித்து, பிழைத்தவனுக்குப் பூணூல் சடங்கு நடக்கிறது; எதிர்வீட்டில் அழுகைச் சத்தம். அந்த வழியால் வந்த சுந்தரர் விஷயத்தைக் கேட்டுப் பாட, முதலை பையனைக் கரையில் கொண்டுவந்து விடுகிறது. அவனும் இடையில் போன வருடங்களின் வளர்ச்சியோடுதான் வருகிறான்.

கவனித்தீர்களா? இரண்டு இடத்திலும் செத்த பிள்ளை திரும்புகிறது, ஆனால் காலம் திரும்பவில்லை. பாம்பு கடித்த நாளுக்கு யாரும் போகவில்லை. முதலை வாயைத் திறப்பதற்கு முந்திய நொடிக்கும் யாரும் போகவில்லை. சாம்பலாக இருந்த வருடங்களையும் சேர்த்து எண்ணித்தான் பிள்ளையைக் கையில் கொடுக்கிறார்கள். இறைவனே செய்த அற்புதத்திலும் நடந்தது நடந்ததாகவே இருக்கிறது. கழிந்த வருடம் கணக்கில் ஏறியே தீருகிறது. சேக்கிழார் இதை ஒரு கொள்கையாக எங்கும் சொல்லவில்லை. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்து நான் எடுத்துக்கொண்டது இது. ஆனால் வயதைப் பற்றிய விவரம் என் கற்பனை அல்ல, நூலில் உள்ளது. இந்த ஒரு விதியை உங்கள் கூட்டத்துக்குப் போட்டால் நாவல் மறுபடி நடக்கத் தொடங்கும் என்பது என் அபிப்பிராயம்.

மார்க்கண்டேயர் இருக்கிறாரே என்று கேட்பீர்கள். என்றும் பதினாறு. அங்கேயும் காலம் பின்னால் போகவில்லை. ஒரு ஆளுக்கு மட்டும் நின்றுவிட்டது, உலகம் தன்பாட்டில் ஓடியது. இதன் மறுபக்கம் பாகவதத்தில் வரும் ககுத்மி அரசனின் கதை. மகள் ரேவதிக்கு நல்ல மாப்பிள்ளை யார் என்று கேட்க அவளையும் கூட்டிக்கொண்டு பிரமலோகம் போகிறான். அங்கே பாட்டுக் கச்சேரி நடக்கிறது. முடியும்வரை கொஞ்ச நேரம் காத்திருந்து, பிறகு தன் மனதில் இருந்த மாப்பிள்ளைகளின் பெயரைச் சொல்ல, பிரமன் சிரிக்கிறான்: கீழே இருபத்தேழு சதுர்யுகம் போய்விட்டது, அவர்களும் இல்லை, பேரன் பூட்டனும் இல்லை. பௌதிகவியல் வகுப்பில் சார்புக் கொள்கைக்கு வரும்போது இந்தக் கதையைச் சொன்னால் கடைசி வாங்கில் இருப்பவனும் நிமிர்ந்து உட்காருவான். ஆனால் நம் முன்னோருக்கு ஐன்ஸ்டைன் முன்பே தெரியும் என்று யாராவது இதிலிருந்து கிளம்பினால் நான் எழுந்து போய்விடுவேன். கதையில் சமன்பாடு இல்லை, அளவீடு இல்லை. ஒருவர் நேரமும் இன்னொருவர் நேரமும் வெவ்வேறாக ஓடலாம் என்ற எண்ணம் மட்டும் இருக்கிறது. நாவலுக்கு அதுவே போதும்.

சித்தர் என்று சொன்னால் திருமூலரை விட முடியாது. மூவாயிரம் ஆண்டு யோகத்தில் இருந்து ஆண்டுக்கு ஒரு பாட்டாக மூவாயிரம் பாட்டுப் பாடினார் என்பது ஐதிகம். அதை வரலாறாக எடுக்க முடியாது. ஆனால் திருமந்திரத்தின் மூன்றாம் தந்திரத்தில் மூச்சைப் பற்றி அவர் சொல்வது உங்களுக்கு நேரடியாக உதவும். காற்றைப் பிடிக்கும் கணக்கை அறிந்தவருக்குக் கூற்றை உதைப்பது கைகூடும் என்கிறார். கணக்கு என்ற சொல் அவருடையதே. யோக மரபில் ஒரு நாளைக்கு ஒரு மனிதனுக்கு 21,600 மூச்சு. நாள் அறுபது நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம். ஆகவே நாழிகைக்கு 360 மூச்சு, நிமிடத்துக்குப் பதினைந்து. மருத்துவர்கள் சொல்லும் இயல்பான அளவும் அதைச் சுற்றித்தான் இருக்கிறது. ஒரு வட்டத்தைக் கலைகளாகப் பிரித்தாலும் 21,600 தான் வரும், 360 பாகைக்கு அறுபது அறுபதாக. மூச்சை எண்ணி இந்தத் தொகையைப் பிடித்தார்களா, வட்டக் கணக்கை உடம்புக்குப் பொருத்தினார்களா என்றால், என் ஊகம் பின்னது. பஞ்சாங்கக்காரன் பிள்ளையின் ஊகம் அது, அவ்வளவுதான். ஆளுக்கு இத்தனை மூச்சு என்று விதித்திருக்கிறது, வேகமாகச் செலவழித்தால் வேகமாக முடியும், அடக்கினால் நீளும் என்ற நம்பிக்கை இதிலிருந்து வளர்ந்தது. உங்கள் மூத்தவர் கையில் கடிகாரம் வேண்டாம். மூச்சை எண்ணட்டும்.

இதைவிட முக்கியமானது சித்தாந்தம் சொல்லும் இடம். முப்பத்தாறு தத்துவங்களில் காலமும் ஒன்று. வித்தியா தத்துவம் ஏழில் அது வருகிறது, அசுத்த மாயையில் பிறந்தது, சடம். சடம் என்பதால் தானாக எதையும் செய்யாது. செலுத்துகிறவன் செலுத்த வேண்டும். ஆக, காலத்தைக் கையாளும் பொருளாக நினைப்பதற்குச் சைவத்தில் தடையில்லை. ஆனால் அதே ஏழில் பக்கத்திலேயே நியதி என்று இன்னொன்று உட்கார்ந்திருக்கிறது. செய்தவனையே வினைப்பயன் போய்ச் சேரும்படி நிறுத்துவது அதன் வேலை. உங்கள் கூட்டம் காலத்தைத் தொட்டால் நியதி விழித்துக்கொள்ளும். காலத்தை நீட்டலாம், சுருக்கலாம். பயன் போய்ச் சேரவேண்டிய முகவரியை மாற்ற முடியாது. இந்த இரண்டு தத்துவமும் ஒன்றையொன்று இழுக்கும் இடத்தில்தான் உங்கள் வில்லங்கம் எல்லாம் இருக்க வேண்டும். புதிதாக ஒரு மாய விதியைக் கண்டுபிடித்து எழுதுவதைவிட இது பலமானது, ஏனென்றால் வாசிக்கும் சைவர்களுக்கு இது ஏற்கெனவே பாதி தெரியும்.

விஞ்ஞானம் பற்றிச் சுருக்கமாக முடித்துவிடுகிறேன், அங்கே சந்தேகம் குறைவு. நேரம் எல்லாருக்கும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை என்பது அளந்து உறுதி செய்யப்பட்டது. ஜி.பி.எஸ். செய்மதியின் மணிக்கூடு நிலத்தில் உள்ளதைவிட நாளொன்றுக்கு ஏறத்தாழ 38 மைக்ரோசெக்கன் முந்தும். அதைத் திருத்தாவிட்டால் உங்கள் கைபேசி காட்டும் இடம் ஒரே நாளில் கிலோமீற்றர் கணக்கில் பிசகும். விண்வெளியில் மொத்தம் 803 நாள் இருந்த செர்கேய் கிரிகாலெவ், நிலத்தில் இருந்திருந்தால் ஆகியிருக்கும் வயதைவிட ஏறத்தாழ 0.02 செக்கன் இளையவர். கொழும்பு உதாரணமே வேண்டுமென்றால், தாமரைக் கோபுரம் 350 மீற்றர் உயரம். அதன் உச்சியில் வைத்த மணிக்கூடு அடியில் வைத்ததைவிட நாளுக்கு மூன்று நனோசெக்கனுக்குச் சற்றுக் கூடுதலாக ஓடும். கணக்குப் போட்டுப் பார்க்கலாம், உயர்தரத்துக்குச் சற்று மேலே உள்ள சமன்பாடு. ஆனால் இவை எல்லாம் வேகம் கூடுவதும் குறைவதும்தான். பின்னால் போவது வேறு விஷயம். 1949 இல் கேடல் என்ற கணிதர் ஐன்ஸ்டைனின் சமன்பாட்டுக்கு இறந்தகாலத்துக்குச் சுற்றிவரக்கூடிய ஒரு தீர்வைக் காட்டினார், உண்மை. அந்தத் தீர்வுக்குப் பிரபஞ்சம் முழுவதும் சுழல வேண்டும்; நம்முடையது அப்படிச் சுழல்வதாகத் தடயம் எதுவும் இல்லை. சேக்கிழாரும் பௌதிகவியலும் இந்த ஒரு விஷயத்தில் ஒரே பக்கம் நிற்பது எனக்குப் பிடித்திருக்கிறது. அதற்கு மேல் அர்த்தம் கற்பிக்க மாட்டேன்.

சரி, கொழும்புக்கு வருவோம். நீங்கள் அனுப்பிய சுருக்கத்தில் கொழும்பு ஒரு திரைச்சீலையாக மட்டும் தொங்குகிறது. இதே கதையைச் சென்னையில் வைத்தாலும் ஒரு வரியும் மாற வேண்டியதில்லை. ஆனால் நேரத்தோடு விளையாடிய ஊர் என்றால் இந்தப் பக்கத்தில் கொழும்பைப் போல் இன்னொன்று கிடையாது. நான் சொல்லப்போவது கற்பனை அல்ல, அரசாங்கம் செய்தது.

1906 வரை இங்கே புழங்கியது உள்ளூர்ச் சூரியனை ஒட்டிய நேரம், கிரீன்விச்சுக்கு 5 மணி 19 நிமிடம் 32 செக்கன் முன்னால். அந்த வருடம் அதை ஐந்தரையாக்கினார்கள். பத்தரை நிமிடம் அப்படியே போயிற்று, இன்றுவரை திரும்பவில்லை. யுத்த காலத்தில், 1942 இல், அரை மணியாக இருமுறை மொத்தம் ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளி, 1945 ஒக்டோபரில் திருப்பிக் கொடுத்தார்கள். எங்கள் தலைமுறைக்கு ஞாபகம் இருப்பது 1996. மின்சாரத் தட்டுப்பாடு. மே 25 ஆம் திகதி நள்ளிரவில் மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னே வைத்தார்கள். அன்று பன்னிரண்டுக்கும் ஒன்றுக்கும் இடைப்பட்ட ஒரு மணித்தியாலம் இலங்கையில் நடக்கவே இல்லை. பிள்ளைகளை விடியுமுன் பள்ளிக்கூடத்துக்கு அனுப்ப வேண்டியிருக்கிறது என்று சத்தம் கிளம்ப, ஒக்டோபர் 26 ஆம் திகதி நள்ளிரவு பன்னிரண்டரையானதும் மறுபடி பன்னிரண்டாக்கினார்கள். அரை மணி திரும்பியது. மற்ற அரை மணி திரும்ப 2006 ஏப்ரல் 15 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. மூன்று திகதியையும் கலண்டரில் பாருங்கள். மூன்றும் சனிக்கிழமை. வார இறுதியில் மாற்றினால் குழப்பம் குறைவு என்பதுதான் காரணமாக இருக்கும், அதை நான் மறுக்கவில்லை. ஆனாலும் மந்தன் என்று பெயர் வாங்கிய கிரகத்தின் நாளில் மூன்று முறையும் நேரத்தில் கைவைத்திருக்கிறார்கள். இதை விட்டுவிடும் நாவலாசிரியரை நான் மன்னிக்க மாட்டேன்.

அந்தப் பத்து வருடமும் ராகு காலம் பெரிய வில்லங்கம். ராகு காலம் என்பது பகலின் எட்டில் ஒரு பங்கு, மூன்றேமுக்கால் நாழிகை. சூரியன் எழுவதிலிருந்து எண்ண வேண்டும். சூரியனுக்கு அரசாங்கச் சுற்றறிக்கை போவதில்லை. ஆக, திங்கட்கிழமை ஏழரைக்குத் தொடங்குவது எட்டுக்குத் தொடங்க வேண்டும். ஆனால் இந்தியாவில் அச்சான கலண்டர் சுவரில் தொங்குகிறது, அது ஏழரை என்றே சொல்கிறது. அரை மணி கூட்டுவதா விடுவதா என்று கேட்டு ஆட்கள் வந்துகொண்டே இருப்பார்கள். கல்யாண முகூர்த்தமென்றால் பழைய நேரமா புதிய நேரமா என்று அழைப்பிதழைப் பார்த்துவிட்டு ஒருமுறை கேட்டுக்கொள்வது வழக்கமாகவே போயிற்று.

அப்புறம் வன்னி. புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதியில் இந்த மாற்றத்தை ஏற்கவில்லை, பழைய ஐந்தரையே அங்கே புழங்கியது. 2002 இல் ஏ-9 பாதை திறந்த பிறகு ஓமந்தையைக் கடந்தவர்கள் அங்கே மணிக்கூட்டையும் திருத்திக்கொண்டார்கள். கொழும்பிலிருந்து போனால் அரை மணி கையில் கிடைக்கும். வன்னியிலிருந்து வந்தால் அரை மணி போய்விடும். போய்த் திரும்பியவருக்குக் கணக்கு நேர். ஒரு சின்னத் தீவு, இரண்டு நேரம், நடுவில் ஒரு சோதனைச்சாவடி. இதற்கு மேல் நான் எதைக் கற்பனை செய்து உங்களுக்குத் தர?

இனி என் கற்பனை. மேலே நான் தள்ளினார்கள், திருப்பினார்கள் என்று எழுதியதைக் கடன் என்று படித்துப் பாருங்கள். 1996 மே மாதத்தில் கொழும்பில் இருந்த ஒவ்வொருவரும் ஒரு மணித்தியாலத்தைக் கடனாகக் கொடுத்தார்கள். ஐந்து மாதத்தில் அரை மணி வந்தது, மீதி பத்து வருடம் கழித்து, வட்டியில்லாமல். இப்போது ஆளாளுக்குக் கணக்குப் பாருங்கள். 1996 ஒக்டோபருக்கும் 2006 ஏப்ரலுக்கும் இடையில் இறந்தவர்கள் கொடுத்தார்கள், வாங்கவில்லை. அந்தக் காலம் எப்படிப்பட்ட காலம் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. எத்தனை ஆயிரம் அரை மணிகள் கேட்பாரற்றுக் கிடக்கும் என்று யோசியுங்கள். அதே இடைவெளியில் கொழும்பில் பிறந்த பிள்ளைகள் கொடுக்கவே இல்லை, 2006 இல் வாங்கினார்கள். இது முள்ளின் விளையாட்டு மட்டுமே, யாருடைய ஆயுளும் ஒரு செக்கன்கூட மாறவில்லை என்பதைப் படிப்பித்தவன் என்ற முறையில் சொல்லிவைக்கிறேன். ஆனால் உங்கள் கூட்டத்துக்கு அப்படி இல்லை. அவர்களுக்கு இது பேரேடு.

செட்டியார் தெருவில் கொண்டுபோய் வைத்திருக்கிறீர்கள், ஆனால் அந்தத் தெரு என்ன தெரு என்பதைப் பயன்படுத்தவில்லை. நாட்டுக்கோட்டைச் செட்டிமார் கிட்டங்கி என்ற தொழிற்கூடம் வைத்து வட்டித் தொழில் செய்த தெரு அது. பழைய கதிரேசன் கோயிலும் புதிய கதிரேசன் கோயிலும் அங்கேதான். ஆடிவேலுக்குத் தேர் வெள்ளவத்தைப் பக்கமாகப் புறப்படுவதும் அங்கிருந்துதான். உங்கள் சித்தர்களையும் கிட்டங்கிக்காரர்களாக மாற்றுங்கள். மேல்மாடியில் தியான மண்டபம் வேண்டாம். பாய் விரித்து, சாய்வு மேசை போட்டு, பற்று வரவு எழுதும் ஆட்கள் இருக்கட்டும். யார் யாருக்கு எத்தனை நாழிகை கொடுத்தார், எப்போது தவணை என்பது மட்டுமே அவர்கள் தொழில். காலத்தை உண்டாக்கவும் முடியாது, அழிக்கவும் முடியாது, திருப்பவும் முடியாது. ஒருவரிடமிருந்து எடுத்து இன்னொருவருக்குக் கொடுக்கலாம், கொடுப்பவர் உயிரோடு இருந்து சம்மதித்தால். மூச்சில் எண்ணிக் கொடுப்பார்கள்: நாழிகைக்கு 360. எடுத்தவருக்கு அந்த நேரம் வயதாக ஏறும், பூம்பாவைக்கு ஏறியது போல. கொடுத்தவருக்கு ஆயுளில் குறையும். கேட்பாரற்றுக் கிடக்கும் செத்தவர்களின் அரை மணிகளைத் தொடக்கூடாது, ஏனென்றால் நியதிப்படி அவை சேரவேண்டிய முகவரி வேறு. தொட்டால் என்ன நடக்கும் என்பதில் கூட்டத்துக்குள்ளேயே இரண்டு கட்சி இருக்கட்டும்.

கட்சி பிரிய நல்ல காரணமும் கையில் இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் வாக்கியப் பஞ்சாங்கம், திருக்கணித பஞ்சாங்கம் என்று இரண்டும் வெளிவருகின்றன. ஒன்று பழைய வாக்கியங்களை வைத்துக் கணிப்பது, மற்றது வானத்தில் இன்று காணும் நிலைக்குத் திருத்திக் கணிப்பது. சித்திரைப் புத்தாண்டு பிறக்கும் நேரம் இரண்டிலும் ஒன்றாக வருவதில்லை. வீட்டுக்கு வீடு இதில் பிடிவாதம் உண்டு. எங்கள் வீட்டிலேயே அப்பா ஒரு பக்கம், அம்மாவின் ஆட்கள் மறுபக்கம். எந்த நேரத்தில் பேரேட்டை மூடிப் புதுக்கணக்குத் தொடங்குவது என்பதில் கூட்டம் பிளவுபட்டால், எந்தத் தமிழ் வாசகருக்கும் விளக்கம் தேவைப்படாது.

புத்தாண்டில் இன்னொரு பொருள் கிடக்கிறது. நமக்கு விஷு புண்ணியகாலம், வருடம் பிறப்பதற்கு முன் நான்கு மணித்தியாலம், பின் நான்கு மணித்தியாலம். சிங்கள மக்களின் நோனகதய இதைவிட நீளம், 12 மணி 48 நிமிடம். அந்த எண் எங்கிருந்து வந்தது என்றால், சூரிய வட்டத்தின் அகலம் ஏறத்தாழ 32 கலை, சூரியன் நாளுக்கு ஏறத்தாழ ஒரு பாகை, அதாவது 60 கலை நகர்கிறது. வட்டத்தின் முன் விளிம்பு மேடத்தைத் தொட்டதிலிருந்து பின் விளிம்பு மீனத்தை விட்டு நீங்கும்வரை 60 இல் 32 பங்கு நாள். பெருக்கிப் பாருங்கள், 12.8 மணி. சூரியன் பாதி பழைய வருடத்திலும் பாதி புதிய வருடத்திலும் கிடக்கும் நேரம். அடுப்பு மூட்டுவதில்லை, வேலை செய்வதில்லை, கொடுக்கல் வாங்கலும் இல்லை. உங்கள் கிட்டங்கி வருடத்தில் ஒருமுறை மூடும் நேரம் இது. பேரேடு திறந்து கிடக்கும், எழுத யாருக்கும் உரிமை இல்லை. திருட வருகிறவன் இந்த நேரத்தில்தான் வர வேண்டும்.

கூட்டத்தில் எல்லாரும் சைவராக இருப்பதும் கொழும்புக்கு ஒட்டாது. ஒரு வயதான பிக்குவைச் சேர்க்கச் சொல்வேன். பௌத்தரின் பாளி நூலான தீக நிகாயத்தில், மகாபரிநிப்பான சூத்திரத்தில் ஒரு இடம் வருகிறது. இத்திபாதம் எனப்படும், சித்திக்கு அடிப்படையான நான்கு பயிற்சிகளையும் வளர்த்தவர் விரும்பினால் ஒரு கற்பகாலம் இருக்கலாம் என்று புத்தர் ஆனந்தரிடம் குறிப்பாகச் சொல்கிறார், திரும்பத் திரும்பச் சொல்கிறார். ஆனந்தருக்கு உறைக்கவில்லை, இருக்கும்படி கேட்கவில்லை. பிறகு கேட்டபோது நேரம் கடந்துவிட்டது. பிக்கு சேர்க்க வேண்டிய விதி இதிலேயே இருக்கிறது: கடன் கேட்டால்தான் கொடுக்கலாம், வாயைத் திறந்து கேட்காதவருக்குக் கிட்டங்கி தானாகப் போய்க் கொடுக்கக்கூடாது.

ஒரு எச்சரிக்கை. யோகர் சுவாமிகளையோ செல்லப்பா சுவாமிகளையோ பாத்திரமாக்காதீர்கள். உங்கள் குறிப்பில் கொழும்புத்துறைச் சாமியார் என்று ஒருவர் வருகிறார்; பெயரில் கொழும்பு இருந்தாலும் ஊர் யாழ்ப்பாணம், அது யோகர் சுவாமிகள்தான் என்று இங்கே வாசிப்பவர் எல்லாருக்கும் தெரியும். 1964 இல் சமாதியடைந்தவர், அவரை நேரில் கண்டவர்கள் இன்னும் இருக்கிறார்கள். மந்திரவாதி போல எழுதினால் மனம் நோகும். ஆனால் எப்பவோ முடிந்த காரியம் என்ற அவருடைய மகாவாக்கியம் உங்கள் கூட்டத்துக்கு எதிராக நிற்கும் மிகப் பெரிய வாதம். எல்லாம் எப்பவோ முடிந்திருந்தால் கடன் கொடுப்பது யாருக்கு? அந்த வாக்கியத்துக்கு அடியார்கள் கொள்ளும் பொருள் ஆழமானது, நான் அதை விளக்கப் போவதில்லை. கதையில் ஒருவர் அதைச் சொல்லிவிட்டுக் கூட்டத்தை விட்டு விலகிப் போகலாம், அந்த அளவில் நிறுத்திக்கொள்ளுங்கள்.

இப்போது இருபதாம் அத்தியாயம். தம்பியை ரயில் பாதையிலேயே சாகவிடாதீர்கள். அடிபட்டு உயிரோடு கிடக்கட்டும். காலி வீதி நெரிசலில் அம்புலன்ஸ் நகரவில்லை, ஆஸ்பத்திரிக்கு அரை மணி தேவை. அக்கா கிட்டங்கிப் படியேறிக் கேட்கிறாள். மூத்தவர் பேரேட்டைப் புரட்டுகிறார். பையன் 2001 இல் பிறந்தவன். 1996 இல் எதையும் கொடுக்கவில்லை, 2006 இல் அரை மணி வாங்கியிருக்கிறான். ஏற்கெனவே பற்று நிற்கிறது, மேலும் கொடுக்க வழியில்லை. இரண்டு பக்கம் தள்ளி அவர்களுடைய அம்மம்மாவின் பெயர். 1999 இல் இறந்தவர், அரை மணி வரவு, யாரும் கேட்டு வரவில்லை. அதைத் தொடக்கூடாது. உயிரோடு இருந்து சம்மதிக்கக்கூடியவள் அக்கா மட்டும், ஆனால் அவள் அரை மணி கொடுத்தால் தம்பியின் பழைய பற்றுக்கே சரியாகிவிடும். இன்னொரு அரை மணி வேண்டும். அதை யார் தருவார் என்பதை நீங்கள்தான் எழுத வேண்டும்.

2006 ஏப்ரல் இரவை ஒரு காட்சியாக வைப்பதென்றால் ஒரு விவரம்: நள்ளிரவு பன்னிரண்டிலிருந்து பன்னிரண்டரை வரை இரண்டு தடவை வந்தது, புத்தாண்டுக்கு மறுநாள் அது. கடைகள் பூட்டிக் கிடந்தன, கொழும்பில் பாதிப் பேர் ஊருக்குப் போயிருந்தார்கள். வீதியில் சனக்கூட்டத்தை எழுதிவிடாதீர்கள்.